ஏழு தண்ணியில கழுவின மணல்

வேலை கிடைச்சு பெங்களூர் போனபோது, ஹாஸ்டல்ல விடமாட்டான்னு சொல்லி என் பொண்ணு ஒரு கண்ணாடித் தொட்டியை என் தலையில கட்டிட்டுப் போனா. உள்ளே ஆக்ஸலாட்டில்னு ஒரு ஜந்து. தவளை வகையறாதான், ஆனா ஆயுசு பூரா தண்ணிக்குள்ளயே கிடக்கும். கழுத்தோரம் சிவப்பா ஆறு குஞ்சம், அது வழியாத்தான் மூச்சு. மூஞ்சி எப்பவும் சிரிச்ச மூஞ்சி. வெங்காயமே நுழையாத எங்க ஸ்ரீரங்கத்து ஆத்துல அதுக்கு மண்புழு ஆகாரம். இடுக்கியில பிடிச்சு நான்தான் ஊட்டினேன். பெருமாள் மன்னிக்கணும்.

"அம்மா, அது போற கக்காவை மட்டும் டீ வடிகட்டியால அள்ளிடு. மத்தபடி அடியில இருக்கற மணல்ல கை வெக்காதே"ன்னு படிச்சுப் படிச்சுச் சொன்னா. நான் கேட்டாத்தானே?

போகிக்கு முன்னாடி வீடு பூரா ஒழிச்சுத் தேய்ச்சேன். அந்த மணல் மட்டும் பழுப்பா, வழவழன்னு. பார்க்கப் பார்க்க உடம்பு கூசித்து. ஜந்துவை வாளியில விட்டுட்டு, மணலை அண்டாவுல கொட்டி அரிசி களையற மாதிரி ஏழு தண்ணி விட்டேன். மொட்டை மாடியில பழைய வேஷ்டியை விரிச்சுக் காய வெச்சேன். ஃபில்டர் பஞ்சையும் விடலை, குழாயடியில பிழிஞ்சு எடுத்தேன். எல்லாத்தையும் திரும்பப் போட்டு ஜந்துவையும் விட்டதும் தொட்டி பளபளன்னு ஆச்சு. அக்கம்பக்கத்தைக் கூப்பிட்டு வேற காட்டினேன்.

மூணாம் நாள் அது சாப்பிடலை. குஞ்சம் சுருங்கித்து, வால் நுனி வளைஞ்சுது. சாகப்போறதுன்னே நினைச்சேன். அது பாட்டுக்கு சிரிச்சுண்டிருந்தது. வீடியோ கால்ல "தூங்கறதுடி"ன்னு பொய் சொன்னேன். அவ நம்பிட்டா, அதுதான் தாங்கலை.

பஸ் பிடிச்சு புத்தூர்ல வண்ண மீன் விக்கற கடைக்குப் போனேன். "ஏம்மா, எல்லாத்தையும் ஒரே நாள்லயா கழுவுனீங்க? தண்ணியில விஷம் சேராம பாத்துக்கற கிருமியெல்லாம் அந்த அழுக்குலதாங்க குடியிருக்கு"ன்னார் கடைக்காரர். தன் தொட்டியிலேர்ந்து கறுத்துப்போன பஞ்சுல பாதியை வெட்டி, தண்ணியோட ஒரு கவர்ல போட்டுக் கொடுத்தார். "இதை உங்க ஃபில்டர்ல வெச்சிடுங்க. தினம் கொஞ்சம் தண்ணி மாத்துங்க. குழாய்த் தண்ணியை ஒரு நாள் பிடிச்சு வெச்சு ஊத்துங்க."

யாரோ வீட்டு அழுக்கை மடியில வெச்சுண்டு ஸ்ரீரங்கம் பஸ்ல உக்காந்தேன். பக்கத்துல இருந்த அம்மா, "என்னங்க இப்படி நாறுது?"ன்னு மூக்கைப் பொத்தினாங்க. "ரொம்ப நல்ல சரக்குங்க"ன்னேன்.

கடைக்காரர் சொன்னபடியே பண்ணினேன்; மணலைத் தொடாம விட்டதுல அது திரும்பப் பழுப்பாச்சு. பன்னண்டாம் நாள் புழுவை நீட்டினேன். லபக்குன்னு வாங்கிண்டது. தரையில உக்காந்து ஓன்னு அழுதேன், வெக்கமே இல்லாம.

அந்த ஞாயித்துக்கிழமை பொண்ணு வீடியோல பார்த்தா. "மணல் இப்படி அழுக்கா கிடக்கேம்மா! நீ கையே வெக்கலையா?"

கல்யாணம் ஆன நாள்லேர்ந்து என் சுத்தத்தை ஒருத்தரும் குத்தம் சொன்னதில்லை.

"அப்பாடா! நீ எங்கே அதைக் கழுவிக் கழுவியே கொன்னுடுவியோன்னு தினம் பயந்துண்டே இருந்தேம்மா"ன்னா.

எனக்குச் சுருக்குன்னுது. "நான் ஏண்டி அதைத் தொடப்போறேன்"னேன்.