இரட்டை வேகத்தில் ஒரு சோகப்பாட்டு

பெண் பார்க்கப் போன இடத்தில், மியூசிக் வீடியோ எடுக்கிற டைரக்டர் என்று சொல்லிப் பாருங்கள், "சரி, வேலை என்ன பண்றீங்க?" என்றுதான் அடுத்த கேள்வி வரும். கல்யாண வீடியோ எடுக்கிறவருக்கு இருக்கிற மரியாதைகூட நமக்கு இல்லை. அவருக்காவது முதல் பந்தியில் இலை போடுவார்கள். இந்தத் தொழிலில் மாட்டிக்கொண்டு முழிக்கிற சக பாவிகளே, உங்களை விட்டால் நான் வேறு யாரிடம் புலம்புவேன்? சினிமாவில் வராத பாட்டு. ஒரு பெண் தானே எழுதி, தானே மெட்டுப் போட்டு, தானே பாடியது. அதற்கு வீடியோ எடுக்கப் போய் நான் பட்ட பாடு இது.

ஹீரோ யாரு?

யாழினிக்கு அது முதல் ஆல்பம். அதிலிருந்து முதலில் வெளியாகிற பாட்டுக்குத்தான் வீடியோ. அவள் அப்பாவுக்கு தி. நகரில் புடவைக் கடை. திருநெல்வேலிப் பக்கத்துக்காரர், ஊருக்கே அண்ணாச்சி. மகளுக்கு ஒரே ஒரு நிபந்தனை போட்டிருந்தார். இந்தப் பாட்டைச் சொந்தக்காரர் அல்லாத நாலு பேர் தாங்களாகவே பாடி அவர் காதால் கேட்க வேண்டும். இல்லையென்றால் பாட்டை மூட்டைகட்டி வைத்துவிட்டு அவள் கடையில் வந்து உட்கார வேண்டும். நம்பிக்கையைப் பாருங்கள், அவளுக்கென்று நாற்காலியே வாங்கிப் போட்டுவிட்டார்.

பாட்டோ, சின்ன வயதில் கடை மூடிவிட்டு அப்பா வரும்வரை அவள் தூங்காமல் காத்திருந்ததைப் பற்றியது. 'ஆள் வர்ற வரைக்கும் லைட்டை அணைக்காதே' என்று இழுத்து இழுத்து உருகும். அது அவரைப் பற்றியது என்று நான் வாய் திறக்கக் கூடாதென்று சத்தியம் வாங்கியிருந்தாள். அவராகப் புரிந்துகொள்ள வேண்டுமாம். கடையில் வைத்துப் பாட்டைப் போட்டுக் காட்டினேன். அண்ணாச்சி கொட்டாவி விட்டார். வீடியோவில் யாழினி திருவல்லிக்கேணியில் தெருத் தெருவாகத் தனியே நடக்கிறாள் என்று கதை சொன்னேன். ஹீரோ யார் என்றார். இல்லை என்றேன். டான்ஸாவது உண்டா என்றார். அதுவும் இல்லை. என்னைப் பாவமாகப் பார்த்துவிட்டுச் சொன்னார்:

"வெறுமன நடக்கதுக்குத் திருவல்லிக்கேணி எதுக்கு தம்பி? நம்ம கடை வாசல்லயே நடக்கச் சொல்லுங்க, போர்டாவது தெரியும்லா."

மாமியின் சந்தேகம்

மயிலாப்பூரில் ஒரு பழைய வீட்டு மொட்டை மாடியை ஒரு காலை நேரத்துக்குக் கேட்டு வாங்கினோம். அமைதியான சோகப்பாட்டு, உங்களுக்கு ஒரு தொந்தரவும் இருக்காது என்று வீட்டு மாமியிடம் வாக்குக் கொடுத்தேன். என் வாய்தான் எனக்கு எதிரி.

எங்கள் வீடியோ முழுக்க ஸ்லோ மோஷன். ஆனால் உதடு மட்டும் பாட்டோடு பொருந்த வேண்டும். அதற்கு ஒரே வழி, எடுக்கும்போது ஸ்பீக்கரில் பாட்டை இரட்டை வேகத்தில் ஓடவிட்டு, பாடுகிறவளும் அதே வேகத்தில் வாயசைப்பது. பிறகு படத்தைப் பாதி வேகத்துக்குக் குறைத்தால் உதடு பாட்டோடு ஒட்டிக்கொள்ளும், நடை மட்டும் மிதக்கும். நமக்குத் தெரியும், மாமிக்குத் தெரியாதே. உருக்கமான பாட்டு கீச்சுக் குரலில் தடதடவென்று ஓட, கண்ணில் கிளிசரினும் வாயில் மூச்சிரைப்புமாக யாழினி அதைத் துரத்தினாள். துணி உலர்த்த வந்த மாமி, பிழிந்த புடவையும் கையுமாகக் கடைசிவரை நின்று பார்த்தார்.

"அழற பாட்டுன்னு சொன்னேளே, இந்தப் பொண்ணு ரயிலுக்கு நாழியாயிடுத்துன்னு ஓடறாப்லன்னா இருக்கா."

தெருவுக்கே மனப்பாடம்

அடுத்த நாள் திருவல்லிக்கேணி. பார்த்தசாரதி கோயிலுக்குக் கொஞ்சம் தள்ளி ஒரு தெரு. மேலே பேச்சிலர்கள் தங்குகிற மேன்ஷன், கீழே மல்லிகா அக்காவின் டிபன் வண்டி, பக்கத்தில் ஆட்டோ ஸ்டாண்டு. யாழினி அந்தத் தெருவை நடந்து கடக்க வேண்டும், அவ்வளவுதான் ஷாட். அது சரியாக அமைந்துவிட்டால் நான் ஏன் இப்படி இருக்கிறேன்? ஒரு டேக்கில் ஆட்டோ குறுக்கே வந்தது. இன்னொன்றில் மேன்ஷன் மாடியில் பல் தேய்த்துக்கொண்டிருந்தவர் கேமராவுக்குக் கை ஆட்டினார். ஒவ்வொரு டேக்குக்கும் பாட்டு முதலிலிருந்து ஓடியது, அதே இரட்டை வேகத்தில்.

மதியத்துக்குள் தெருவே பாட்டைப் பிடித்துக்கொண்டது. மல்லிகா அக்கா 'லைட்டை அணைக்காதே' வரும்போதெல்லாம் டணக்கென்று கரண்டியால் தோசைக்கல்லைத் தட்டினார். ஆட்டோக்காரர் இடையிசைக்கு ஹாரன் அடித்தார். யாழினியின் முகம் தொங்கிப்போயிற்று. "இது நான் எழுதின பாட்டே இல்லண்ணா" என்றாள். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அக்கா, இது ரொம்ப மெதுவான பாட்டு, ஷூட்டிங்குக்காகத்தான் வேகமாக ஓட்டுகிறோம் என்று மல்லிகா அக்காவிடம் போய் விளக்கினேன். அவர் சாம்பாரை ஊற்றிக்கொண்டே கேட்டார்:

"குத்துப்பாட்டுன்னு ஒத்துக்கினா இன்னா கொறஞ்சிடப் போவுது நைனா? நல்லாத்தானே கீது."

வெளிவந்த பிறகு

பாட்டு வெளியானது. கீழே 'சூப்பர் அக்கா' என்று கமெண்டுகள் வந்தன. எழுதியதெல்லாம் அவள் சித்தப்பா பிள்ளைகள். நிபந்தனைப்படி அவர்கள் கணக்கில் சேர மாட்டார்கள். எடிட்டிங்கில் திரும்பத் திரும்பக் கேட்டும் எனக்கு அலுக்காத பாட்டு அது, ஊர் கண்டுகொள்ளவே இல்லை. யாழினி போனைக் கவிழ்த்து வைத்துவிட்டு, "அந்த நாற்காலிக்கு ஒரு குஷன் போடச் சொல்லணும்" என்றாள்.

தெரு ஜனங்களாவது தங்கள் முகத்தைப் பார்த்துச் சந்தோஷப்படட்டும் என்று திருவல்லிக்கேணிக்குப் போய் போனை நீட்டினேன். பாட்டு அதன் சொந்த வேகத்தில் ஆரம்பித்தது. ஆட்டோக்காரர் என் போனை வாங்கி, ஒரு உலுக்கு உலுக்கி, வானத்தைப் பார்க்கப் பிடித்துவிட்டுத் திருப்பிக் கொடுத்தார். மல்லிகா அக்காதான் ஆறுதல் சொன்னார்:

"நெட்டு ஸ்லோவா கீது போல. சிக்னல் நல்லா கீற எடமா போயி போடு நைனா."

அண்ணாச்சி தீர்ப்பு

ஒரு சனிக்கிழமை அண்ணாச்சி எங்கள் இருவரையும் கடைக்கு வரச் சொன்னார். முடிந்தது கதை என்று போனோம். நாற்காலிக்கு உண்மையிலேயே குஷன் போட்டிருந்தார்கள்.

சனிக்கிழமைதோறும் அவர் பார்த்தசாரதி கோயிலுக்குப் போகிறவராம். அன்று காலை சேவித்துவிட்டு ஒரு வண்டிக் கடையில் இட்லி சாப்பிட நின்றிருக்கிறார். வண்டிக்கார அம்மா பாட, ஆட்டோ ஸ்டாண்டிலிருந்து ஒருவர் அடுத்த அடியை எடுக்க, மேன்ஷன் மாடியிலிருந்து நாலைந்து குரல் சேர்ந்திருக்கிறது. இவர் யாரென்று அங்கே ஒருத்தருக்கும் தெரியாது. "யாரு பாட்டுன்னு கேட்டேன். ஒரு ஒல்லிப் பொண்ணு வந்து பாடிட்டுப் போச்சுன்னாவ" என்றார்.

"அவங்க பாடறது தப்பான வேகம்ப்பா" என்றாள் யாழினி, தரையைப் பார்த்துக்கொண்டு. அண்ணாச்சி ஒரு புடவைக் கட்டைத் தூக்கி அந்த நாற்காலியில் வைத்தார். இன்னொன்றைத் தூக்கி அதன்மேல் வைத்தார். பிறகு அவள் பக்கம் திரும்பாமலே சொன்னார்:

"அந்தம்மா பாடுனப்பதாம்ளா வார்த்தையே வெளங்குச்சு. நான் வாறவரைக்கும் லைட்ட அணைக்கவிடாம அழுதுகிட்டுக் கெடப்பியே, அதானே? நீ இழுத்த இழுப்புல எனக்குத் தூக்கம்லா வந்துச்சு."

ஒரு மகள் உருகி உருகிப் பாடியதை அவள் அப்பா காதில் போட, மூச்சைப் பிடித்துக்கொண்டு நான் எடுத்த வீடியோ எதற்கும் உதவவில்லை, அதை எடுப்பதற்காகத் தெருவில் வைத்த ஸ்பீக்கர்தான் உதவியது.