மாப்பிள்ளையின் பூட்டனைத் தேடி: டூங்கபியிலிருந்து டண்டினொங் வரை

சிட்னியிலிருந்து மெல்போர்னுக்கு விமானத்தில் ஒன்றரை மணி நேரம்தான். நாங்கள் காரில் போனோம். ஆளுயரக் குத்துவிளக்கு ஒன்றைக் கொண்டுபோக வேண்டியிருந்தது, என் கணவர் செந்திலுக்குப் புது டயரைப் பரீட்சை பண்ண ஆசை. போன ஆவணியில் ஒரு வெள்ளிக்கிழமை கிளம்பினோம். ஞாயிறன்று டண்டினொங்கில் யாழினிக்குக் கல்யாணம்.

யாழினி, கௌரி அக்காவின் மகள். சிட்னியின் டூங்கபியில் ஆறு வருஷம் எங்கள் பக்கத்து வீடு. நான் திருச்சி, அவர்கள் யாழ்ப்பாணம். இடியாப்பம் அந்தப் பக்கத்திலிருந்து வரும், புளியோதரை இந்தப் பக்கத்திலிருந்து போகும். பிறகு மெல்போர்னுக்கு மாறிவிட்டார்கள். மாப்பிள்ளை டானியல், அங்கேயே பிறந்து வளர்ந்த வெள்ளைக்காரப் பையன். கிளம்புவதற்கு முந்தின நாள் மாலை அக்காவின் போன் வந்தது.

"தேனு, ஐயர் ரெண்டு பக்கமும் மூண்டு தலைமுறைப் பேர் கேக்கிறார். தாரை வாக்கேக்க சொல்ல வேணுமாம். எங்கட பக்கம் எல்லாம் இருக்கு. மாப்பிள்ளைக்கு அப்பா பீட்டர், அப்பப்பா கார்ல். பூட்டன் பேர் ஒருத்தருக்கும் தெரியேல்லை."

"தெரியலைன்னா சாமி பேரைச் சொல்லிடுவாங்களே அக்கா?"

"ஓம், ஐயரும் அதைத்தான் சொன்னவர். ஆனா பீட்டருக்கு முகம் வாடிப்போச்சு. 'உங்கட பக்கம் மூண்டு மனுசர், எங்கட பக்கம் ரெண்டு மனுசரும் ஒரு கடவுளுமோ' எண்டு கேட்டவர். பாவமா கிடக்கு."

பீட்டருக்கு ஆறு வயதிருக்கும்போதே அப்பா கார்ல் இறந்துவிட்டாராம். கப்பலில் வந்து இறங்கிய மனிதர், ஊர்க் கதை எதையும் சொல்லி வைக்கவில்லை. இதற்கிடையில் கனடாவிலிருந்து வந்த யாழினியின் சித்தப்பா ஒருவர் "பூட்டன் இல்லாத மாப்பிள்ளை" என்று எல்லோர் முன்னாலும் கிண்டல் அடித்திருக்கிறார். அதைக் கேட்டதும் எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. ஒரு மனிதன் தன் மகன் கல்யாணத்தில் தலைகுனிந்து நிற்க வேண்டுமா?

அக்கா என்னைக் கூப்பிட்டதற்குக் காரணம் இருக்கிறது. எனக்குப் பெயர்ப் பைத்தியம். நான் மருத்துவமனையில் எக்ஸ்ரே பிரிவில் வேலை பார்க்கிறேன். என் பெயர் தேன்மொழி, அப்பா பெயர் ராமலிங்கம். நம் ஊரில் அது ஓர் எழுத்தாக முன்னால் நின்றது, இங்கே முழுசாகப் பின்னால் வந்து உட்கார்ந்துகொண்டது. அதனால் நான் 'மிஸ் ராமலிங்கம்' ஆனேன். எங்கப்பாவைப் பேர் சொல்லிக் கூப்பிட்டு என்னை வேலை வாங்கினார்கள். ஒரு நாள் கடுப்பில் "சரி, உங்க பேருக்கு என்ன அர்த்தம்?" என்று திருப்பிக் கேட்டேன். பாதிப் பேருக்குத் தெரியவில்லை! அன்றைக்கு ஆரம்பித்தது. ஜெர்மன் ஷ்மிட், ஹங்கேரி கோவாச், ஸ்பானிஷ் ஹெரேரோ மூவரும் ஒரே மாடியில் வேலை பார்க்கிறார்கள், மூன்று பெயருக்கும் அர்த்தம் கொல்லர். வெப்ஸ்டர் நெசவாளர். கூப்பர் மரப்பீப்பாய் செய்பவர். க்ளைன் என்றால் குள்ளர், எங்கள் க்ளைன் ஆறடி இரண்டங்குலம்.

ஆனால் இந்தப் பூட்டனைப் பிடிக்க எனக்கு நுனி கிடைக்கவில்லை. அழைப்பிதழை மறுபடி எடுத்துப் பார்த்தேன். 'செல்வன் டானியல் பீட்டர்' என்று இருந்தது. டானியல் ஹீப்ரு, பீட்டர் கிரேக்கம், அர்த்தம் பாறை. இதை வைத்துக்கொண்டு என்ன செய்வது?

காலை நாலரைக்குக் கிளம்பினோம். எம் செவன் விரைவுச்சாலையைப் பிடித்து ஹ்யூம் நெடுஞ்சாலை. அதற்குப் பிறகு ஸ்டியரிங்கைத் திருப்பவே வேண்டாம், அவ்வளவு நேர்ப்பாதை. விடியும்வரை கங்காரு குறுக்கே வரும், வேகத்தைக் குறையுங்கள். கோல்பர்னில் காபி குடித்தோம், பெட்ரோலை டார்கட்டாவில் போட்டோம். ஹோல்புரூக்கில் கட்டாயம் இறங்குங்கள். கடலே இல்லாத ஊரில் பூங்கா நடுவே ஒரு நீர்மூழ்கிக் கப்பல் நிற்கிறது! அந்த ஊர்ப் பெயருக்குப் பள்ளத்து ஓடை என்று அர்த்தம் என்றேன். "நீ சொல்லாட்டி நான் சாப்பிட மாட்டேனா?" என்று செந்தில் சாண்ட்விச்சைப் பிரித்தார். ஆல்பரி தாண்டினால் விக்டோரியா. மூன்றரை மணிக்கு டண்டினொங் மோட்டல். எங்கள் வாசலிலிருந்து 894 கிலோமீட்டர், அறை ஓர் இரவுக்கு 165 டாலர்.

சனிக்கிழமை காலை மாப்பிள்ளை வீட்டில் பொன்னுருக்கு. தாலிக்கான பொன்னை நல்ல நேரத்தில் உருக்கும் யாழ்ப்பாணச் சடங்கு அது. டண்டினொங்கிலிருந்து கிழக்கே இருபது நிமிடம். வாசலில் காரை நிறுத்தினோம். முன்னால் ஒரு வெள்ளை வேன் நின்றது. பக்கவாட்டில் நீல எழுத்தில் 'எய்னார்சன் பிளம்பிங்' என்று இருந்தது.

"அக்கா, இது யார் வேன்?"

"பீட்டரின்ர. அவர் பிளம்பர் எல்லோ?"

"அப்ப எய்னார்சன்ங்கிறது?"

"அது அவையின்ர குடும்பப் பேர். கார்டில அப்பா பேர்தானே போடுறது எண்டு நாங்கள் அதை விட்டிட்டம்."

ஐயோ என் அக்கா! தகப்பன் பெயர் போட்டாயிற்று, போதும் என்று அச்சுக்குக் கொடுத்திருக்கிறார்கள். நானாவது சந்தேகப்பட்டேனா? இல்லையே. டானியல் பீட்டர் என்பது நம் வீட்டுப் பிள்ளை பெயர் மாதிரியே இருந்ததால் எனக்கும் உறைக்கவில்லை.

பீட்டர் வேட்டியை ஒரு கையால் பிடித்துக்கொண்டு வாசலுக்கு வந்தார். நான் வணக்கம்கூடச் சொல்லவில்லை. ஆங்கிலத்தில் பேசியதைத் தமிழில் தருகிறேன்.

"உங்கப்பா எந்த நாடு?"

"ஐஸ்லாந்து. ஏன்?"

"அங்கேயே பிறந்தவரா? அங்கேயும் அவருக்கு எய்னார்சன்தானா?"

"ஆமா."

"அப்போ உங்க தாத்தா பேர் எய்னார்!"

அவர் என்னை ஒரு மாதிரிப் பார்த்தார். மூச்சு வாங்க விளக்கினேன். ஐஸ்லாந்தில் பெரும்பாலும் குடும்பப் பெயரே கிடையாது, நம்மைப் போல அப்பா பெயர்தான். எய்னாரின் மகன் எய்னார்சன். ஒருமுறை எக்ஸ்ரேக்கு வந்த ஐஸ்லாந்துக் குடும்பத்தில் அப்பா, அம்மா, பெண் மூவருக்கும் மூன்று கடைசிப் பெயர். வரவேற்பில் எல்லோரும் குழம்பினார்கள், நான்தான் சிரித்துக்கொண்டே புரியவைத்தேன். உங்கப்பா இங்கே இறங்கியதும் அந்தப் பெயர் அப்படியே உறைந்து குடும்பப் பெயராகிவிட்டது என்றேன்.

பீட்டர் வேன் கதவில் கையை ஊன்றிக்கொண்டார். "அப்பா சாவுக்கு ஓர் அத்தை வந்தார். அவர் பேர் எய்னார்ஸ்டோட்டிர். அம்மாவுக்கும் புரியவில்லை. பேர் வேறாக இருந்ததால் அவர் அப்பாவின் சொந்தத் தங்கையே இல்லை என்றுதான் இத்தனை வருஷமும் நினைத்திருந்தேன்."

"டோட்டிர்னா மகள். எய்னாரின் மகள். கூடப் பிறந்தவர்தான்!"

அந்தப் பெரிய மனிதருக்குக் கண் நிறைந்துவிட்டது. எனக்கும்தான். எய்னாருக்கு அர்த்தம் என்ன என்று கேட்டார். தனியாக நின்று போரிடுபவன் என்றேன். கௌரி அக்கா அப்போதே ஐயருக்குப் போன் போட்டார். "ஐயா, சாமி பேர் வேண்டாம், ஆள் ஆம்பிட்டிட்டார்!"

ஞாயிறு காலை மண்டபத்தில் எழுநூறு நாற்காலியும் நிறைந்திருந்தது. தாரை வார்க்கும் நேரம் வந்தது. யாழினி பக்கத்து மூன்று பெயர்கள் முடிந்து மாப்பிள்ளை பக்கம் ஆரம்பித்தார் ஐயர். மூன்று தரம் சொல்ல வேண்டும். முதல் தரம் எய்னாரில் நாக்கு தடுக்கியது. இரண்டாம் தரம் சமாளித்தார். மூன்றாம் தரம் மைக்கை நெருக்கிப் பிடித்து மந்திர ராகத்தில் "எய்னார்!" என்று முழங்கினாரே பார்க்கணும். பீட்டர் எழுந்து நின்று, "என் தாத்தா!" என்று ஆங்கிலத்தில் சத்தம் போட்டார். அவர்கள் வரிசை முழுக்கக் கைதட்டியது. தவில்காரர் சடங்கு முடிந்ததோ என்று நினைத்துக் கெட்டிமேளமே கொட்டிவிட்டார். கனடாச் சித்தப்பாவும் கைதட்டியதை நான் திரும்பிப் பார்த்து உறுதி செய்துகொண்டேன். விடுவேனா?

நீங்களும் இந்த வழியில் போவதாக இருந்தால் சில விஷயங்கள். சிட்னிச் சுங்கச்சாலைக் கருவி மெல்போர்ன் ஈஸ்ட்லிங்க்கிலும் வேலை செய்யும், அதைக் கழற்றி வீட்டில் வைத்துவிடாதீர்கள். ஆவணியில் விடியற்காலைக் குளிர் எலும்பைத் தொடும், கம்பளி எடுத்துக்கொள்ளுங்கள். டண்டினொங் சந்தை திங்கட்கிழமை கிடையாது. கலப்புக் கல்யாணத்துக்கு அழைப்பிதழ் அடிக்கிறவர்கள், சம்பந்தி வீட்டாரின் கடைசிப் பெயரையும் கேட்டுப் போடுங்கள். அர்த்தத்தையும் கேளுங்கள். சொல்லத் தெரிந்தவர்களுக்குச் சந்தோஷம், தெரியாதவர்களுக்கு அதைவிடச் சந்தோஷம்.

திங்கட்கிழமை காலை கிளம்பும்போது பீட்டர் மோட்டலுக்கே வந்துவிட்டார். வேனின் பக்கவாட்டில் 'எய்னார்சன்' என்ற எழுத்துக்களைத் துடைத்துப் பளிச்சென்று ஆக்கியிருந்தார். கார் ஜன்னலில் குனிந்து, எங்கிருந்தோ பாடம் பண்ணி வந்ததை நிறுத்தி நிறுத்திச் சொன்னார்.

"போய் வா, தேன்மொழி ராமலிங்கம்ஸ்டோட்டிர்."

இத்தனை வருஷமாக ராமலிங்கம் என்று யார் கூப்பிட்டாலும் எரிச்சலோடுதான் திரும்புவேன். அன்றைக்கு ஹ்யூம் நெடுஞ்சாலையில் ஆல்பரி வரும்வரை அதையே சொல்லிச் சொல்லிப் பார்த்துக்கொண்டு வந்தேன். செவ்வாய்க்கிழமை வேலைக்குப் போனதும் யாரோ வராந்தாவிலிருந்து "மிஸ் ராமலிங்கம்!" என்றார்கள். "ஆமா, அவர் மகள்தான்" என்று சொல்லிக்கொண்டே போனேன்.