தாராவியில் செத்துக் கிடந்த ஜெர்மன் நடிகர்

எனக்கு வயது எழுபத்து மூன்று. ஐந்து பெற்றேன், ஏழு வளர்த்தேன். மற்ற இரண்டும் கொழுந்தன் பிள்ளைகள். ஒன்றும் சோடை போகவில்லை. மூன்றாம் வகுப்போடு நின்றவள் நான். ஆனாலும் இதை என் கையால்தான் எழுதுகிறேன். அவசரம் ஒன்றும் இல்லை.

இங்கே பம்பாய் சுனாபட்டியில் என்னோடு இருக்கும் பேத்தி, நர்ஸ் வேலைக்குப் போவதற்காக ஜெர்மன் படிக்கிறாள். பாஷை காதில் ஏற வேண்டும் என்று பழைய படங்களை போனில் பார்ப்பாள். போன வாரம், "ஆச்சி, இது நம்ம தாராவி மாதிரியே இருக்கு" என்று நீட்டினாள். மாதிரி என்ன, தாராவியேதான். தோல் கிடங்கு வாசலில் ஒரு வெள்ளைக்காரர் செத்துக் கிடந்தார். அவரை எனக்குத் தெரியும்.

அந்தப் படம் எடுத்தபோது எனக்கு எட்டு வயது. தாராவியில்தான் குடியிருந்தோம். அதற்குப் பத்து நாள் முன்னால், ஊரில் மாமா இறந்துவிட்டதாகக் கடிதம் வந்திருந்தது. அம்மாவுக்கு ஒரே அண்ணன். அவர் சொல்லை மீறி அப்பாவைக் கட்டிக்கொண்டாள் என்று பேச்சை முறித்தவர். "பேச்சில்லாத வீட்டுச் சாவுக்கு இங்க அழுகச் சத்தம் கேக்கப்பிடாது" என்றார் அப்பா. அம்மா அழவில்லை. சரியாகச் சாப்பிடவும் இல்லை.

படப்பிடிப்புக்குக் கூட்டத்தில் நிற்க ஆள் வேண்டும் என்றார்கள். அம்மாவும் எங்கள் வரிசை வீட்டுப் பெண்கள் நாலு பேரும் போனார்கள். நானும் ஒட்டிக்கொண்டேன். ஆள் சேர்த்தவர் எங்கள் ஊர்க்காரர்தான். "சாகிறவன் கெட்டவன். யாரும் அழாண்டாம். ஒரு பார்வ பாத்துட்டு நடையக் கட்டணும், சம்ஜா? புரிஞ்சுதா?" என்றார்.

துப்பாக்கி வெடித்தது. வெள்ளைக்காரர் நன்றாகத்தான் விழுந்தார். எல்லோரும் ஒரு பார்வை பார்த்துவிட்டு நடந்தோம். அம்மா நடக்கவில்லை. கொண்டை அவிழ அவர் தலைமாட்டில் உட்கார்ந்து, "எங்கூடப் பொறந்தவனே, எண்ணே!" என்று மாரில் அடித்துக்கொண்டு ஒப்பாரி வைத்தாள். அழுகிறவளைத் தனியாக விடுவது எங்கள் பக்கத்து வழக்கமில்லை. நாலு பெண்களும் திரும்பி ஓடி, அவள் தோளைக் கட்டிக்கொண்டு சேர்ந்து அழுதார்கள்.

"பந்த் கரோ! நிறுத்துங்க! ஏ மதினி, எந்திரிங்க, கேமரா ஓடுது!" என்று குதித்தார் ஆள் சேர்த்தவர்.

"ஓடுனா ஓடட்டும். நீரு தள்ளி நில்லும்" என்றாள் அடுத்த வீட்டுக்காரி, அழுகைக்கு நடுவிலேயே.

வெள்ளைக்காரர் கண்ணைத் திறக்கவில்லை. அழுகை ஓய்ந்த பிறகுதான் எழுந்து உட்கார்ந்து அம்மாவைப் பார்த்துக் கும்பிட்டார்.

வீட்டுக்கு வந்ததும் அம்மா தலை முழுகினாள். "இந்நேரத்துக்கு எதுக்குட்டி தலைக்குத் தண்ணி?" என்றார் அப்பா. "ஒரே தூசி" என்றாள். அன்றுதான் வயிறாரச் சாப்பிட்டாள்.

அவமானம் எனக்குத்தான். "ஏட்டி, வெள்ளக்கார மாமா ஒனக்கு என்ன கொண்டாந்தாரு?" என்று குழாயடியில் பிள்ளைகள் கேலி செய்தார்கள். யாரோ ஒரு ஆளுக்காக இப்படி அழுதாளே என்று ஒரு மாதம் அம்மாவோடு முகம் கொடுத்துப் பேசவில்லை.

அந்த நடிகரின் கதையைப் பேத்தி தேடிப் படித்துச் சொன்னாள். பதினாறு வயதில் கையில் துப்பாக்கி கொடுத்து யுத்தத்துக்கு அனுப்பினார்களாம். பிடிபட்டு, முள்வேலிக்குள் கிடந்து, திரும்பி வந்தால் வீடு இருந்த தெருவே இல்லையாம். நாடகக் கொட்டகையில் திரை இழுத்து, மெல்ல நடித்து, சினிமாவுக்கு வந்திருக்கிறார். கன்னத்தில் தழும்பு இருந்ததால் எப்போதும் கெட்டவன் வேஷம். படத்துக்குப் படம் சுட்டுக் கொன்றிருக்கிறார்கள். இது தவிர வேறு எந்தப் படத்திலும் அவருக்காக ஒருத்தரும் அழவில்லை. தலை நரைத்த பிறகு டிவியில் நல்ல தாத்தாவாக வந்து, வயதாகிப் படுக்கையில் செத்தாராம். ஒரு பேட்டியில், பட்டம் பரிசெல்லாம் கிடக்கட்டும், பம்பாயில் என் சாவை நிஜம் என்று நம்பி ஒரு பெண் அழுதாள், அது போதும் என்று சொல்லியிருக்கிறார். பாவம், அவரும் என்னைப் போலத்தான் நினைத்திருக்கிறார்.

படத்தில் அம்மாவின் குரல் இல்லை. மேலே வாத்தியம் போட்டு மூடிவிட்டார்கள். வாய் மட்டும் அசைகிறது. அவள் யாரைக் கூப்பிட்டாள் என்பது பக்கத்தில் நின்று கேட்ட எனக்கு அன்றைக்குப் புரியவில்லை. அவளுக்கு வேண்டியிருந்தது முன்னால் கிடக்க ஒரு உடல். அதை அந்த மனிதர் அசையாமல் கொடுத்தார்.

பேத்திக்கு ஜெர்மன் சரளமாக வருகிறது. தமிழை எழுத்துக் கூட்டித்தான் படிப்பாள். பரவாயில்லை.

ஏ பிள்ள, இங்க வா. இத எனக்கு வாசிச்சுக் காட்டு. எங்கம்மா அழுகிற எடம் வந்தா மட்டும் வேகமாப் போவாத.