மாடியில் சிரிக்கிறவர்கள்

எங்கள் வீட்டில் தினமும் சாயங்காலம் ஒரு கூட்டம் சிரிக்கும். வீட்டில் இருப்பது நானும் என் வீட்டுக்காரரும் மட்டும். சிரிப்பவர்கள் டிவிக்குள் இருக்கிறவர்கள். அமெரிக்காக்காரர்கள் அந்தக் காலத்தில் எடுத்த தமாஷ் நாடகங்கள், பாதிக்கு மேல் கறுப்பு வெள்ளை. பெங்களூரில் இருக்கும் மகன் இன்டர்நெட் வருகிற டிவி ஒன்றை வாங்கி மாட்டிவிட்டுப் போனதிலிருந்து இவருக்கு அதுதான் வேலை.

வெள்ளைக்காரர்கள் வந்து தங்குகிற ஒரு பெரிய ஹோட்டலில், இங்கே மைசூரில்தான், இவர் சர்வராக இருந்தவர். அங்கே முன் ஹாலில் இந்த நாடகங்கள் ஓடுமாம். காப்பிக் கோப்பை எடுக்கிற சாக்கில் நின்று பார்த்துப் பழக்கம். தனக்கு எல்லாம் புரியும் என்று எங்கள் ஊரான மார்டள்ளியிலிருந்து வரும் சொந்தக்காரர்களிடம் சொல்லி வைத்திருக்கிறார். அவர்களும் வாயைப் பிளந்து கேட்டுவிட்டுப் போவார்கள். நான் நாலாவது வரை படித்தவள். எனக்குக் கண்ணுக்குத் தெரிவதுதான் தெரியும்.

கண்ணுக்குத் தெரிவதைச் சொல்கிறேன். சோபாவைச் சுவரோரம் போடாமல் நடு வீட்டில் போடுகிறார்கள். ஷூவைக் கழற்றாமல் அதன்மேல் காலை வைக்கிறார்கள். பக்கத்து வீட்டுக்காரி கேட்காமல் உள்ளே வந்து ஃப்ரிட்ஜைத் திறக்கிறாள். அந்த வீட்டுப் பெண் தினமும் புருஷனிடம் எதையாவது மறைக்கிறாள், அவன் கண்டுபிடித்துக் கத்துகிறான், கடைசியில் கட்டிப் பிடித்துக்கொள்கிறார்கள். மறுநாள் ஒன்றும் நடக்காத மாதிரி மறுபடியும் மறைக்கிறாள். அத்தனை சமையல் நடக்கிற அடுப்படியில் கழுவ ஒரு பாத்திரம் கிடந்து நான் பார்த்ததில்லை. ஒரு நாடகத்தில் புருஷனுக்கும் பெண்டாட்டிக்கும் தனித்தனிக் கட்டில். அது மட்டும் நல்ல ஏற்பாடாகத் தோன்றியது.

நாடகத்தைக்கூடப் பொறுத்துக்கொள்ளலாம். அதில் நடித்தவர்களுக்காக இவர் படுகிற துக்கத்தைப் பொறுக்க முடியாது. "இந்தம்மா போயிருச்சு. இவனும் போயிட்டான், பாவம், கடைசில கஷ்டப்பட்டானாம்" என்று ஒவ்வொரு முகமாகக் காட்டிச் சொல்வார். என் சொந்த அண்ணன் இறந்த அன்றைக்கு வேளைக்குச் சாப்பிட்டுத் தூங்கிய மனுஷர் இவர். யாரோ ஒரு அமெரிக்காக்காரி இறந்து எத்தனையோ வருஷம் ஆன செய்தி இப்போதுதான் இவருக்குத் தெரிந்ததாம், சாப்பாடு வேண்டாம் என்று படுத்துவிட்டார். நான் வைத்த ரசம் வீணாய்ப் போனது.

காது வேறு மந்தம். மகன் வாங்கித் தந்த காது மிஷின் மேஜை டிராயரில் கிடக்கிறது. போட்டால் விசில் அடிக்கிறதாம். அதனால் டிவி சத்தம் தெருவுக்கே கேட்கும்.

கீழ் வீட்டில் ஓனரம்மா இருக்கிறார். கன்னடக்காரர், எங்களோடு பேசிப் பேசித் தமிழும் கலந்து வரும். தரைக்கடியில் இருக்கிற சம்பிலிருந்து மோட்டார் போட்டு மேல் டேங்குக்குத் தண்ணீர் ஏற்றுவது அவர் கையில். வெயில் காலம் வந்துவிட்டால் ஒவ்வொரு குடத்துக்கும் கணக்குக் கேட்பார். ஒருநாள் காலையில் பால் வாங்க இறங்கியவளை நிறுத்தினார்.

"ஏன்ரீ, தினா சாயங்காலம் மேல எஷ்டு ஜனா, எத்தனை பேரு வர்றாங்க?"

"யாரும் வர்றதில்லீங்க" என்றேன்.

"கேக்குதே எனக்கு. கூட்டமா சிரிக்கிறாங்க. ரெண்டு பேருக்குன்னுதானே நான் வீடு கொடுத்தேன்? அஷ்டு ஜனாவும் கை கால் கழுவ, பாத்ரூம் போக, நீரு எங்கிருந்து வரும்? மாசக் கடைசிக்குள்ள வேற வீடு பாத்துக்குங்க."

எதிர்த்துப் பேச வேண்டிய இடத்தில் சரிங்க என்று சொல்லிவிட்டு வருகிற புத்தி எனக்கு. அன்றைக்கும் சரிங்க என்றுதான் சொன்னேன். எந்தக் கூட்டத்தைச் சொல்கிறார் என்பது பால் பாக்கெட்டோடு படி ஏறும்போதுதான் உறைத்தது. அப்படியே பாதிப் படியில் உட்கார்ந்துவிட்டேன்.

வயதானவர்களுக்கு யாரும் வீடு கொடுப்பதில்லை. கூட யார் இருக்கிறார்கள், உடம்புக்கு ஒன்று என்றால் யார் பார்ப்பார்கள் என்று கேட்டுவிட்டுக் கதவைச் சாத்துவார்கள். மகன் வீட்டில் இருப்பது ஒரே அறை, அதில் நாலு பேர். இந்த மாடி போனால் எங்களுக்கு வேறு இடம் கிடையாது.

இவரிடம் போய்ச் சொன்னேன். பதறுவார் என்று பார்த்தால் முகத்தில் ஒரு சந்தோஷம்.

"கீழ வரைக்கும் கேக்குதா? அத்தன தெளிவா எடுத்திருக்கானுக."

"ஏனுங்க, வீடே போகப் போகுதுங்கறேன். சத்தத்தைக் குறைங்க."

"குறைச்சா சிரிப்பு கேக்காது."

"சிரிப்பு எதுக்குங்க உங்களுக்கு? அவங்க பேசறது கேட்டாப் போதாதா?"

வாசல் பக்கம் ஒரு தடவை பார்த்துக்கொண்டார். அப்புறம் மெதுவாகச் சொன்னார். "சிரிப்பு கேட்டாத்தான் புள்ள, எங்க சிரிக்கோணும்னு தெரியும்."

"அப்ப பேச்சு?"

"வேகமாப் பேசிப் போடறானுக."

இத்தனை காலம் இவர் சிரிக்கும்போதெல்லாம், நமக்குத்தான் படிப்பில்லை என்று அடுப்படியில் தலையைக் குனிந்துகொண்டு நின்றவள் நான்.

அன்று சாயங்காலம் ரிமோட்டை அரிசி டப்பாவுக்குள் போட்டு மூடினேன். இவர் மேஜைக்கடியில் எல்லாம் தேடினார். கடைசியில் சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தார். வீடு அப்படி ஒரு அமைதி. நல்ல வேலை செய்தோம் என்று இருந்தேன்.

மறுநாள் ஓனரம்மா படிக்கட்டுக்குக் கீழேயே நின்றிருந்தார்.

"நேத்து யாரும் வரலை போலிருக்கு. நான் சொன்னதும் வரவேண்டாம்னு சொல்லிட்டீங்க. அப்ப இத்தனை நாளா வந்துட்டு இருந்தது நிஜா தானே?"

"அது டிவிங்க" என்றேன். என் குரல் எனக்கே கேட்கவில்லை. அவர் காதில் விழுந்துவிட்டது.

"டிவியில யாரும்மா அப்படிச் சிரிக்கிறாங்க? நானும்தான் தினா சீரியல் பாக்கறேன். அழுகைதான் கேக்குது."

அவர் சொன்னதிலும் தப்பில்லை. "சாயங்காலம் நீங்களே மேல வாங்க. வந்து பாத்துட்டு அப்புறம் சொல்லுங்க" என்றேன். இவ்வளவு நீளமாக நான் அவரிடம் பேசியதே இல்லை. சொல்லிவிட்டு மேலே வந்து தண்ணீர் குடித்தேன்.

வந்தார். முதலில் வாசலில் எத்தனை செருப்பு கிடக்கிறது என்று பார்த்தார். அடுத்தது பாத்ரூம் கதவைத் திறந்து பார்த்தார். என் வீட்டுக்காரர் இஸ்திரி போட்ட சட்டை போட்டுக்கொண்டு, ஹோட்டலில் நின்ற மாதிரி ஓரமாக நின்றார். அரிசி டப்பாவிலிருந்து ரிமோட்டை எடுத்து நான் டிவியைப் போட்டதும் கூட்டம் சிரித்தது. ஓனரம்மா சட்டென்று பின்னால் திரும்பிப் பார்த்துவிட்டு, மறுபடி டிவியைப் பார்த்தார்.

"சிரிக்கிறவங்களைக் காட்டவே மாட்டாங்களா?"

"காட்ட மாட்டாங்க" என்றார் இவர், தன் வீட்டு வழக்கத்தைச் சொல்வதுபோல.

ஓனரம்மா உட்காரவில்லை. நாடகத்தில் அந்தப் பெண் எதையோ கருக விட்டுவிட்டாள். வாசலில் புருஷனும் அவன் முதலாளியும் வருகிறார்கள். அவள் தட்டோடு அதைக் கொண்டுபோய் சோபா மெத்தைக்கு அடியில் தள்ளினாள். முதலாளி தொப்பியைக் கழற்றிக்கொண்டு சோபா பக்கம் போனார். ஓனரம்மா களுக்கென்று சிரித்துவிட்டார். முதலாளி உட்கார்ந்த பிறகுதான் அந்தக் கூட்டம் சிரித்தது, அதற்குப் பிறகுதான் இவர் சிரித்தார்.

"முன்னாடியே சிரிச்சா எப்படீங்க?" என்று இவர் கேட்டார். நிஜமாகவே கோபம் இருந்தது குரலில்.

"அதுமேலதான் உக்காரப் போறான்னு தெரியுதே" என்றார் ஓனரம்மா.

அந்த நாடகம் முடியும்வரை நின்றே பார்த்தார். அப்புறம் என்னைப் பார்த்து, "இருங்க. ஆனா சத்தம் கீழ கேக்கக் கூடாது. கேட்டா மோட்டார் போட மாட்டேன்" என்றார். சந்தேகப்பட்டதற்கு ஒரு வார்த்தை கிடையாது. போகிற போக்கில் பாத்ரூம் குழாய் சொட்டுவதைக் கண்டுபிடித்து அதற்கும் என்னைத்தான் திட்டினார்.

வீடு தங்கியது. ஆனால் என் சாயங்காலம் போனது. இப்போது டிவி எறும்பு ஊர்கிற சத்தத்தில் ஓடுகிறது. இவருக்குச் சிரிப்புக் கேட்பதில்லை. மிஷினைப் போட்டுக்கொள்ளுங்கள் என்றால் விசில் என்கிறார். எனக்குக் காது நன்றாகக் கேட்கும். அதனால் பக்கத்தில் உட்கார்ந்து, அந்தக் கூட்டம் சிரிக்கும்போதெல்லாம் இவர் தொடையில் ஒரு தட்டுத் தட்ட வேண்டும். உடனே சிரிப்பார். அவரைக்காய் உரிக்கக்கூட எனக்கு ஒரு கைதான் மிச்சம். கொஞ்சம் அசந்தால், "இப்பவா?" என்று கேட்பார். "இப்ப இல்லீங்க." "இப்ப?" "சும்மா இருங்க, சொல்றேன்."

போன வாரம் மார்டள்ளியிலிருந்து இவர் தங்கை குடும்பத்தோடு வந்தாள். வழக்கம்போல எல்லாம் புரியும் என்று ஆரம்பித்தார். அவர்கள் பார்க்காதபடி இவர் முதுகுக்குப் பின்னால் கையை விட்டுத் தட்டிக்கொண்டிருந்தேன். தோள்பட்டை இன்னும் வலிக்கிறது. "அண்ணனுக்கு எத்தன அறிவு பாருங்க அண்ணி" என்று அவள் என்னிடமே சொன்னாள்.

நேற்று டிவிக் கூட்டம் சிரிக்காத ஓர் இடத்தில் சும்மா ஒரு தட்டுத் தட்டினேன். நாடகத்தில் யாரோ ஒருவர் கதவைச் சாத்திக்கொண்டிருந்தார். இவர் கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தார்.