நாய் பேசிய தமிழ்

எங்கள் வீட்டில் சண்டை தமிழில்தான் நடக்கும். அப்படி ஓர் ஏற்பாடு. நான் கர்நாடக எல்லையில் ஹனூர்த் தமிழச்சி, கணவர் நாங்கள் இருக்கும் இந்த மைசூரிலேயே பிறந்து வளர்ந்த தமிழர். மகளிடம் கன்னடத்திலேயே பேசினோம்; பள்ளிக்கூடத்தில் சிரமப்படக் கூடாது என்று அவர் சொன்னார், நானும் தலையாட்டினேன். கொஞ்சல், பாடம், கதை எல்லாம் கன்னடம். குரல் உயர்ந்தால் மட்டும் தமிழுக்குத் தாவிவிடுவோம், பிள்ளைக்குப் புரியக் கூடாதே என்று. அவர் வாயில் வருவதையெல்லாம் நான் வாங்கிக்கொள்வேன். பக்கத்தில் உட்கார்ந்து வீட்டுப்பாடம் எழுதுகிறவளுக்கு ஒன்றும் போய்ச் சேராது. எனக்கு அது ஒன்றுதான் ஆறுதல். பிள்ளைக்குத் தமிழே வரவில்லை என்று ஊரில் மட்டும் குறைப்பட்டுக்கொள்வேன்.

போன மழைக்காலத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை. எனக்கு ஆஸ்பத்திரியில் டியூட்டி இல்லை, அவருக்கும் ஃபேக்டரி லீவு. பொரியில் வெங்காயமும் வேர்க்கடலையும் போட்டுச் சுருமுரி கலந்து ஆளுக்கொரு கிண்ணத்தோடு டிவி முன்னால் உட்கார்ந்தோம். படத்தைத் தேர்ந்தெடுத்தது மகள். முகப்பில் சப்பை மூக்கு நாய் ஒன்று கூலிங்கிளாஸ் போட்டு இளித்தது. நாய் பேசுகிற படம் என்றால் குழந்தைகள் படம்தானே என்று நானும் விட்டுவிட்டேன். வெளிநாட்டுப் படம். கன்னடத்தில் இல்லை, தமிழில் இருந்தது. அவர் தமிழைப் போட்டார்.

சுருமுரி பாதிகூடத் தீரவில்லை, அந்த நாய் வாயைத் திறந்தது. அப்பப்பா, என்ன பேச்சு! தெருவில் போகிற பெட்டை நாயைப் பற்றி, எஜமானியின் இடுப்பைப் பற்றி, எதிர்வீட்டுக்காரனின் அம்மாவைப் பற்றி. டப்பிங் பேசியவன் ரசித்து ரசித்துப் பேசியிருந்தான். எனக்குக் காது கூசியது.

"நிறுத்துங்க. புள்ள உக்காந்துட்டிருக்கறா."

"சும்னே இருடி. அவளுக்கென்ன தமிழா புரியுது?"

நானும் நம்பிக்கொண்டிருந்தது அதைத்தானே. அவர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். மகளும் சிரித்தாள்; நாய் வாலாட்டுவதைப் பார்த்துத்தான் சிரிக்கிறாள் என்று நினைத்தேன்.

அப்புறம் அந்த நாய் தன் ஜோடியிடம் கோபித்துக்கொண்டு ஒரு வார்த்தை சொன்னது. அதை இங்கே எழுத மாட்டேன். குழம்பில் உப்பு கூடினால், டியூட்டி முடிந்து நான் தாமதமாக வந்தால், எங்கள் வீட்டிலும் விழுகிற வார்த்தை.

மகள் என் பக்கம் திரும்பினாள்.

"அம்மா, அப்பா நிங்கெ பையோது இதே அல்வா?"

அப்பா உன்னைத் திட்டுவது இதேதானே என்று கேட்டாள். குரலில் வருத்தமோ பயமோ இல்லை. வகுப்பில் பதில் தெரிந்த பிள்ளை கைதூக்குவது போல அத்தனை சந்தோஷம்.

அவர் சிரிப்பு நின்றது. ரிமோட்டைத் தேடிச் சத்தத்தை அமுக்கினார். திரையில் நாயின் வாய் மட்டும் அசைந்துகொண்டிருந்தது. யாரையும் பார்க்காமல் கிண்ணத்தில் வேர்க்கடலை பொறுக்க ஆரம்பித்தார். அந்தக் கிண்ணத்தைப் பிடுங்கிச் சுவரில் அடிக்க வேண்டும்போல் எனக்கு ஆத்திரம் வந்தது. அடிக்கவில்லை.

"வேற என்ன தமிழ் தெரியும் உனக்கு?" என்று மகளிடம் கன்னடத்தில் கேட்டேன்.

அவள் கொஞ்சம் யோசித்தாள். பிறகு ஒவ்வொரு விரலாக மடக்கிச் சொல்ல ஆரம்பித்தாள். உச்சரிப்பு சுத்தமாக இருந்தது. ஒரு கை முடிந்து அடுத்த கைக்குப் போனாள். எல்லாமே அவர் எனக்குச் சொன்னவை.