ஒரு நடிகையின் சொந்தக் குரல்: கிளென்ஃபீல்டிலிருந்து தகனினிவரை

1997 குளிர்காலத்தில், ஒரு வெள்ளிக்கிழமை லீவு போட்டுவிட்டு, ஓர் இத்தாலிய நடிகையின் குரலைக் கேட்க ஆக்லாந்தின் வடக்கிலிருந்து தெற்குக்குப் போனேன். சிரிக்காதீர்கள், காரணம் இருந்தது.

அப்போது கிளென்ஃபீல்டில் குழாய்ச் சாமான் விற்கும் ஒரு சின்னக் கம்பெனியில் எனக்கு வேலை. மூன்றாம் நாளே மேலாளர், என் ஆங்கிலம் ஆட்களுக்கு விளங்கவில்லை, போனை என்னோடு வேலை செய்த கேரன் எடுக்கட்டும் என்றுவிட்டார். கொழும்பில் ஏழு வருஷம் போனிலேயே வேலை பார்த்தவள் நான்!

அந்த நாட்களில்தான் நூலகத்தில் ஒரு பழைய சினிமா சஞ்சிகையில் லியானா பெர்த்தோலியைப் பற்றி வாசித்தேன். மொத்தம் பதினொரு படங்கள். வேலைக்காரி, தாதி, கதாநாயகியின் தோழி, இவ்வளவுதான் வேஷம். அக்கால இத்தாலியில் பேச்சைப் பிறகுதான் பதிவார்களாம். இவள் குரல் கரகரப்பு என்று பத்துப் படங்களுக்கு வேறு பெண்களைப் பேச வைத்தார்கள். கடைசிப் படத்தில் மட்டும் சொந்தக் குரல். அதன் பிறகு அவளுக்குப் படமே இல்லை.

அந்தக் குரலைக் கேட்டே தீருவது என்று முடிவெடுத்தேன். வீடியோக் கடைகளில் படம் இல்லை. யாரிடமாவது அந்தப் படம் இருக்கிறதா என்று தமிழ்க் கடைப் பலகையில் துண்டு ஒட்டினேன். இரண்டு கிழமை கழித்து, ஒரு வியாழக்கிழமை, தகனினியிலிருந்து ஃபிலோமினா என்ற மலேசியத் தமிழ் அக்கா போன் எடுத்தார். "டிவில போட்டப்ப பதிஞ்சு வச்சேன். சனிக்கிழம எங்க வீட்டுக்காரரு அதுமேல ரக்பி பதிஞ்சிடுவாரு. சீக்கிரம் வா லா!"

காலை 8.10 பஸ், மூன்று டொலர். 8.50க்கு நகரம். ரயில் நிலையம் துறைமுகத்துக்குப் பக்கத்தில் என்று நினைத்தது என் மடத்தனம். மழையில் பதினைந்து நிமிடம் நடந்து போக, 9.05 ரயில் கண் முன்னாலேயே புறப்பட்டது. அடுத்தது 10.05. நான்கு டொலர், ஐம்பது நிமிடப் பயணம். இறங்கி இரண்டு கிலோமீட்டர் நடை. எல்லாம் ஒரே மாதிரிப் புது வீடுகள், இரண்டு பிழையான கதவுகளைத் தட்டினேன். மூன்றாவதை அக்கா திறந்தார்.

"நனைஞ்சிட்டியே! கார் இல்லையா?"

"இல்லை அக்கா. ரயிலையும் விட்டிட்டன்." பையிலிருந்து ஒரு வெற்றுக் கேசட்டை நீட்டினேன். "இந்தாங்கோ, ரக்பிக்கு."

படத்தில் ஒரு மணி நேரம் கழித்துத்தான் லியானா வந்தாள். தபால் கந்தோர் எழுத்தர், இரண்டே நிமிடம். தணிந்த, கரகரத்த குரல்.

"என்ன, சளி புடிச்ச மாதிரி பேசுறா?" என்றார் அக்கா.

எனக்குக் கோபம் பொங்கியது. ஒவ்வொரு சொல்லும் தெளிவாகக் கேட்டதே! இந்தக் குரலையா பத்துப் படங்களில் மறைத்தார்கள்? கண்ணைத் துடைத்துக்கொண்டு திரும்பவும் ஓடவிட்டுக் கேட்டேன்.

தகனினிப் பக்கம் ரயிலில் போகிறவர்களுக்கு: இப்போது ரயில் நிலையம் துறைமுகத்துக்குப் பக்கத்திலேயே இருக்கிறது, என்னைப்போல் ஓட வேண்டாம். ஆனால் குடை கொண்டுபோங்கள். வீட்டு இலக்கத்தைச் சரியாகக் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள்.

திங்கட்கிழமை கேரன் தேநீருக்கு எழும்பிய நேரம் போன் அடித்தது. மேலாளர் தலை நிமிர்ந்து பார்த்தார். எடுத்தேன். மறுமுனையில் ஒரு வாடிக்கையாளர், விளங்கவில்லை என்றார். குரலை மாற்றாமல் இன்னொரு முறை சொன்னேன். மூன்றாம் முறை அவர் பன்னிரண்டு குழாய்களுக்கு ஆர்டர் கொடுத்தார்.