சுவரைக் காயப்போட்ட கதை

பிள்ளைகளே, நீங்கள் இரண்டு பேரும் பள்ளிக்கூடத்தில், "எங்கட அப்பா மெசின் வைச்சு ஊரைக் காயப்போட்டவர்" என்று சொல்லி எல்லோரையும் சிரிக்க வைக்கிறீர்களாம். சந்தையில் உங்கள் ரீச்சர் என்னைக் கண்டு கேட்டா. கதை எதிர்வீட்டு மாமியின் வாயிலிருந்து உங்களுக்கு வந்திருக்கும். அப்போது நீங்கள் வீட்டில் இல்லை. எனவே நடந்ததை நடந்தபடி எழுதி வைக்கிறேன். மாமி சொன்னதைவிட அது மோசமானது.

குளம் நிரம்பி வான் பாய்ந்து, அக்கராயனில் எங்கள் வீட்டுக்குள் முழங்கால் அளவு தண்ணீர் மூன்று நாள் நின்றது. வடிந்த பிறகு சேற்றை வழித்து, கழுவி, அலுமாரியை வெயிலில் வைக்கலாம் என்று பார்த்தால் வெயிலே இல்லை. மாரிக்காலம். கொடியில் போட்ட சாரம் நாலு நாளாகியும் போட்டபடியே ஈரமாகத் தொங்கியது. சின்னவளே, நீ படுக்கும் அறைச் சுவரில் கறுப்பாகப் பூஞ்சணம் படர்ந்தது. உனக்கு இழுப்புத் தொடங்கியது. ஆஸ்பத்திரியில் டொக்டர் மருந்து தந்துவிட்டு என்னைப் பார்த்துச் சொன்னார்: "சுவர் காயுமட்டும் பிள்ளையை அந்த வீட்டில படுக்க விடாதேங்கோ."

அதனால்தான் உன்னை முள்ளியவளையில் பெரியம்மா வீட்டில் விட்டோம். பெரியவனையும் துணைக்கு அனுப்பினோம். நீ பின்னேரத்தில் போன் எடுத்து ஒரே கேள்விதான் கேட்பாய்.

"அப்பா, சுவர் காஞ்சிட்டுதோ?"

"காயுது பிள்ளை."

"எவ்வளவு காஞ்சிட்டுது?"

போனைக் கையில் பிடித்தபடியே சுவரைத் தடவிப் பார்ப்பேன். தடவினால் நல்ல வழுவழுப்பாக, காய்ந்த மாதிரித்தான் இருந்தது. ஆனால் மணம் மட்டும் போகவில்லை.

இந்த இடத்தில் கனடாவிலிருந்து உங்கள் மாமா போன் வழியாக உள்ளே வருகிறார். அவருடைய தொழிலே இதுதான்: தண்ணீர் புகுந்த வீடுகளை மெசின் வைத்துக் காயப்போடுவது. இத்தனை வருடமாக அவர் அங்கே என்ன வேலை செய்கிறார் என்று நாங்கள் கேட்டதில்லை, அவரும் சொன்னதில்லை. வெள்ளம் வந்தவுடன் ஒரே நாளில் எங்கள் குடும்பத்திலேயே பெரிய படிப்பாளி அவராகிவிட்டார்.

"மச்சான், முதல்ல கதவு ஜன்னல் எல்லாத்தையும் பூட்டும்."

"பூட்டினா காத்து வராதே."

"காத்து வரக்கூடாது. அதுதான் விசயம். வெளிக் காத்தும் ஈரம்தானே."

பனிக்குள் கிடந்து கிடந்து மனிசனுக்கு ஏதோ ஆகிவிட்டது என்று நினைத்தேன். ஆனால் அவர் சும்மா இருக்கவில்லை. இந்த வேலை செய்யும் ஒரு கம்பனியை வவுனியாவில் தேடிப் பிடித்து, ஆளையும் அனுப்பிவிட்டார்.

வந்தவர் என்னிலும் கொஞ்சம் வயது கூடிய ஒரு அண்ணை. அதிகம் பேசமாட்டார். நத்தை மாதிரிச் சுருண்ட இரண்டு பெரிய விசிறிகளையும், ஒரு சின்னக் குளிர்சாதனப் பெட்டி அளவு மெசினையும் இறக்கினார். அது காற்றில் உள்ள ஈரத்தை உறிஞ்சித் தண்ணீராக்கி, ஒரு குழாய் வழியாக வாளியில் விடும். அதன் பெயர் டீயில் தொடங்கி நெடுந்தூரம் போகும். வாசலில் நின்ற எதிர்வீட்டு மாமிக்கு முதல் எழுத்து மட்டும்தான் காதில் விழுந்தது.

"டீ மெசினோ? வெள்ளத்துக்குப் பிறகு தேத்தண்ணிக் கடையோ தம்பி போடப்போறீர்?"

அண்ணை சிரிக்கவில்லை. பொலித்தீனும் ஒட்டு ரேப்பும் எடுத்து, ஜன்னலுக்கு மேலே காற்றுக்காக விட்ட ஓட்டைகளை ஒவ்வொன்றாக அடைத்தார். சுவருக்கு மேலே கூரை முகட்டால் காற்றுப் போய்வரும் என்பதால் அறைக்கு மேலேயும் பொலித்தீனைக் கட்டினார். பிறகு இரண்டு ஊசி நீட்டிக்கொண்டிருந்த, ஈரம் பார்க்கும் ஒரு சின்னக் கருவியைச் சுவரில் குத்தினார். அது கத்தியது.

"சுவருக்குக் காய்ச்சல் பாக்கிறாராக்கும்," என்றா மாமி.

"நாலு நாளைக்குக் கதவு திறக்கக் கூடாது. ஈரமான ஒண்டும் உள்ள வைக்கக் கூடாது. வாளி நிறைஞ்சா ஊத்திப்போட்டுத் திருப்பி வையுங்கோ. நாலாம் நாள் வாறன்," என்று அண்ணை சொல்லிவிட்டுப் போனார். மூன்றே மூன்று கட்டளை. சின்னப்பிள்ளைக்கும் விளங்கும்.

முதல்நாள் பொழுதுபடும் நேரம் விளக்கு வைக்கும்போது உங்கள் அம்மா வாசல் கதவை விரியத் திறந்து வைத்தா. நான் பாய்ந்து போய்ச் சாத்தினேன்.

"இஞ்சேருங்கோ, விளக்கு வைக்கிற நேரம் கதவைச் சாத்தினா லட்சுமி எப்படி உள்ள வாறது?"

"லட்சுமி வரலாம். ஈரம்தான் வரக்கூடாது."

"ரெண்டையும் பிரிச்செடுக்க மெசினில பட்டன் இருக்கோ?"

பட்டன் இல்லை. எனவே கதவு திறந்தது, விளக்கு அணையும் வரை திறந்தே இருந்தது. அறைக் கதவுதானே முக்கியம், வாசல் கதவில் என்ன என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். இரண்டாம் நாள் அம்மா சாம்பிராணிப் புகையோடு அந்த அறைக் கதவையும் திறந்தா. நான் ஏசினேன். "பிள்ளை திரும்பி வாறது உமக்கு விருப்பமில்லையோ?" என்றும் கேட்டுவிட்டேன். அந்த வார்த்தையை இப்போதும் என்னால் திருப்பி எடுக்க முடியவில்லை. அம்மா சாம்பிராணித் தட்டை வெளியே கொண்டுபோய் வைத்தா.

அம்மாவை ஏசிய அதே வாயால் அன்றைக்கே மாமிக்குச் சரி சொன்னவனும் நான்தான். மாமி ஒரு கடகம் நிறைய நனைந்த சீலைகளோடு வந்தா.

"தம்பி, உள்ள நல்ல சூடாக் கிடக்காம். மூண்டே மூண்டு சீலை. மூலையில கிடக்கட்டும்."

பிறகு பக்கத்து வீட்டாரின் தலையணைகள் வந்தன. அதன் பின்னால் ஒருவர் விதை உழுந்து கொண்டு வந்தார். ஒவ்வொருவருக்கும் கதவைத் திறந்து, உள்ளே விட்டு, மெசினை ஒரு சுற்றுக் காட்டி, திருப்பிச் சாத்தினேன். வேண்டாம் என்று சொல்லியிருக்கலாம். ஆனால் எங்கள் ஒழுங்கையில் என் வீட்டைப் பார்க்க ஆட்கள் வரிசையில் நின்றது அதுதான் முதல் தடவை.

வாளி நிறைந்துகொண்டே இருந்தது. மூன்று மணித்தியாலத்துக்கு ஒரு வாளி. நான் ஒவ்வொரு வாளியையும் படம் பிடித்துக் கனடாவுக்கு அனுப்பினேன். மாமா பெருவிரல் காட்டினார். உனக்கும் போனில் சொன்னேன்: "சுவருக்குள்ளயிருந்து வாளி வாளியா வருது பிள்ளை. ஞாயிற்றுக்கிழமை வந்து கூட்டிக்கொண்டு வாறன்." நீ பெரியம்மாவிடம் ஓடிப்போய்க் கத்தியது எனக்குக் கேட்டது.

நாலாம் நாள் அண்ணை வந்தார். கதவைத் திறந்ததும் அப்படியே நின்றார். அறைக்குள் குறுக்கும் நெடுக்குமாக ஐந்து கொடி கட்டியிருந்தது. சீலை, தலையணை உறை, யாரோ ஒருவரின் கோயில் வேட்டி.

"நிறையத் தண்ணி வந்தது," என்றேன் நான், பெருமையோடு.

"ஓம், வந்திருக்கும். ஆரின்ர தண்ணி அது? சுவரின்ரயோ, சீலையின்ரயோ, குளத்தின்ரயோ?"

கருவியைச் சுவரில் குத்தினார். முதல் நாள் கத்திய அதே கத்து. இன்னொரு இடம், இன்னொரு இடம். அதே கத்து. நான் மாமியைப் பார்த்தேன், உங்கள் அம்மாவைப் பார்த்தேன். குற்றத்தை யாருடைய தலையில் வைக்கலாம் என்று என் கண் சுற்றிக்கொண்டிருந்தது.

அண்ணை சட்டைப்பையிலிருந்து பூட்டுத் திறப்பை எடுத்துச் சுவரைச் சுரண்டினார். பச்சைத் தோல் ஒன்று உரிந்தது.

"இது என்ன பெயின்ற்?"

"எனமல். அரசாங்கக் கந்தோருகளில அடிக்கிற மாதிரி, இடுப்பு மட்டத்துக்கு. ஈரம் பிடியாதெண்டு கடைக்காரர் சொன்னவர்." அந்தப் பச்சையை நானே என் கையால் இரண்டு பூச்சு அடித்தேன், பிள்ளைகளே. வீட்டுத்திட்டத்தில் கிடைத்த வீடுகள் எல்லாம் ஒரே மாதிரி வெள்ளையாக இருந்தபோது எங்கள் வீடு மட்டும் அரசாங்கக் கச்சேரிக் கட்டடம் மாதிரி இருக்கட்டும் என்று அடித்தேன்.

"கடைக்காரர் சொன்னது சரி. ஈரம் உள்ள போகாது. வெளியாலயும் வராது. தண்ணி அத்திவாரத்தால கல்லுக்குள்ள ஏறியிட்டுது. நீங்கள் மேலால மூடி போட்டு வைச்சிருக்கிறியள். மூடின போத்தலுக்கு வெளியால நிண்டு நாலு நாளா நாங்கள் விசுக்கியிருக்கிறம்."

மாமி சீலைகளைக் கொடியிலிருந்து ஒவ்வொன்றாக எடுத்து மடித்தா. "எண்டாலும் என்ர சீலை நல்லாக் காஞ்சிருக்கு," என்றா. அதுதான் நீங்கள் கேட்ட கதை.

உங்கள் அம்மா அவ்வளவு நேரமும் கதவு நிலையோடு சாய்ந்து நின்றா. அண்ணை வெளியே போனதும் மெதுவாகச் சொன்னா: "ஈரத்தை உள்ள விட்டது நான் எண்டெல்லோ நினைச்சுக் கொண்டிருந்தன்."

என்னை ஏசியிருந்தால் எனக்குச் சுகமாக இருந்திருக்கும்.

அன்று பின்னேரம் நீ போன் எடுத்தாய். ஞாயிற்றுக்கிழமை வரமுடியாது என்று சொன்னேன். ஏன் என்று கேட்டாய். "அப்பா பிழையான பெயின்ற் அடிச்சிட்டன்" என்றேன். உனக்கு அது விளங்கவில்லை. அழுதாய். பெரியவன்தான் போனை வாங்கி, "சரி அப்பா, நாங்கள் இருக்கிறம்" என்றான்.

அடுத்த நாள் உளியும் சுத்தியலும் எடுத்து, இடுப்பு மட்டம் வரை சீமெந்துப் பூச்சைக் கொத்தி விழுத்தினேன். மூன்று நாள் எடுத்தது. உள்ளே கல் கறுத்து, தொட்டால் விரல் நனைந்தது. அண்ணை சீலை இல்லாத அறையில் மெசினைத் திரும்ப ஓடவிட்டார். விளக்கு வைக்கும் நேரம் வாசல் கதவு திறந்தது. அறைக் கதவு சாத்தியபடியே இருந்தது. அதை அம்மாவே சாத்தினா. முதல் இரண்டு நாளும் வாளி நிறைந்தது. பிறகு பாதி வாளி. பிறகு அடியில் கொஞ்சம். இந்தமுறை நான் ஒன்றையும் படம் பிடிக்கவில்லை.

கடைசியாக வந்த அன்று அண்ணை கருவியை எட்டு இடத்தில் குத்திப் பார்த்தார். கத்தவில்லை. "இனிப் பிள்ளையைப் படுக்க விடலாம்," என்று சொல்லி, மெசினை ஏற்றிக்கொண்டு போனார். மறுநாள் விடியவே உங்களைக் கூட்டிவர அம்மா முள்ளியவளைக்கு பஸ் ஏறினா.

நான் வீட்டில் தனியே இருந்தேன். கருவி சொன்னது சரிதான், ஆனால் இரா முழுக்க அங்கே மூச்சு விடப்போவது கருவியல்ல. அறைக் கதவையும் ஜன்னலையும் இறுக்கிச் சாத்தினேன். சின்னவளே, நீ படுக்கும் இடத்தில் பாய் போடாமல் வெறும் நிலத்தில் படுத்து, உன்னைப் போலவே சுவர்ப் பக்கம் திரும்பி, மூக்கைக் கல்லோடு வைத்து, வாயை மூடிக்கொண்டு மூச்சு இழுத்தேன். சீமெந்து மணம் மட்டும்தான் வந்தது. பிறகு தலையணை வைக்கும் பக்கமாகக் கொஞ்சம் நகர்ந்து, அங்கேயும் இழுத்துப் பார்த்தேன்.